வீடு மாறும் வாரத்தில் பூனை பருவத்துக்கு வந்தால்

வீடு மாற நாள் குறித்தாயிற்று. ஆடி பிறப்பதற்குள் போய்விட வேண்டும் என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். வீட்டுக்காரரிடம் சாவி ஒப்படைக்கும் தேதியைச் சொல்லியாயிற்று, குட்டி யானைக்கு முன்பணமும் போயிற்று. பாதிப் பாத்திரம் அட்டைப்பெட்டிக்குள் இருக்கிறது. இந்த நேரம் பார்த்து, ஏழு மாதமாக இருக்கும் இடம் தெரியாமல் வளர்ந்த பெட்டைப் பூனை, நடு இரவில் அடிவயிற்றிலிருந்து குரலெடுத்துக் கத்தத் தொடங்குகிறது. குழந்தை அழுகிறதோ என்று எதிர்வீட்டில் விளக்குப் போடுகிறார்கள். விடிந்ததும் நமக்குள் கேள்விகள். வயிற்று வலியா? பெட்டிகளைப் பார்த்துப் பயந்துவிட்டதா? எதையாவது தின்று தொலைத்ததா?

பெரும்பாலும் இவை எதுவும் இல்லை. பூனை பருவத்துக்கு வந்திருக்கிறது. கால்நடை மருத்துவர்கள் சினைப் பருவம் என்பார்கள், பூனை வளர்ப்பவர்கள் ‘ஹீட்ல இருக்கு’ என்பார்கள். அதன் உடலுக்குள் என்ன நடக்கிறது என்பதை முதலில் நிதானமாகப் பார்த்துவிடுவோம். அது புரிந்துவிட்டால், வீடு மாறும் நாளில் செய்ய வேண்டியதில் பாதி தானாகவே விளங்கும்.

பக்கத்தில் உட்கார்ந்து சற்று நேரம் கவனிப்போம். தரையில் புரள்கிறது. கதவு நிலை, நாற்காலிக் கால், நம் கணுக்கால் என்று எதைக் கண்டாலும் கன்னத்தைத் தேய்க்கிறது. வால் தொடங்கும் இடத்துக்குச் சற்று மேலே விரலால் லேசாகத் தடவினால் போதும், முன்னங்கால்கள் முழங்கை வரை தரையில் படிகின்றன, பின்பக்கம் உயர்கிறது, வால் ஒரு பக்கமாக ஒதுங்குகிறது. பின்னங்கால்கள் இரண்டும் நின்ற இடத்திலேயே மாறி மாறி மிதிக்கின்றன. சாப்பாட்டில் நாட்டம் குறைகிறது. சில பூனைகள் சுவருக்கு முதுகைக் காட்டி, வாலைச் செங்குத்தாக நிறுத்திச் சிறுநீர் தெளிப்பதும் உண்டு. இந்தத் தோரணையைப் பார்த்துவிட்டு, இடுப்பில் அடிபட்டுவிட்டது என்று மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு ஓடியவர்கள் நிறையப் பேர்.

நோய்ப்பட்ட பூனை பொதுவாக ஒதுங்கும், கட்டிலடியில் போய்ப் படுத்துக்கொள்ளும். பருவத்தில் இருக்கும் பூனை நம் காலைவிட்டு நகராது. ஆனால் மணல் தட்டுக்கு அடிக்கடி போய், முக்கியும் சிறுநீர் சரியாக வராமல் கத்தினால் அது வேறு விஷயம். அன்றைக்கே மருத்துவரிடம் போய்விட வேண்டும்.

இனி, கிட்டத்தட்ட எல்லாரும் சறுக்கும் இடத்துக்கு வருவோம். பூனையின் பருவத்தை நாம் மாதவிடாய் என்று நினைத்துக்கொள்கிறோம். ‘அதுக்கு பீரியட்ஸ் டைம், பாவம், வயிறு வலிக்கும், ரெண்டு மூணு நாள்ல சரியாயிடும்’ என்று வீட்டுப் பெண்களே பரிவோடு சொல்வார்கள். பரிவு நல்லதுதான். ஆனால் அந்த எண்ணத்திலிருந்துதான் தவறான மருந்தும், தவறான காத்திருப்பும், சில சமயம் பூனையையே இழப்பதும் தொடங்குகின்றன. அதனால் இந்த இடத்தில் கொஞ்ச நேரம் நிற்போம்.

பெண்ணின் உடலில் கருமுட்டை ஏறக்குறைய மாதம் ஒன்றாகத் தன் கணக்குப்படி வெளிவருகிறது. கரு தங்கவில்லை என்றால், அதற்காகத் தயாராக இருந்த கருப்பையின் உள்படலம் கழிந்து போகிறது. அதுதான் மாதவிடாய். ஒரு சுற்று முடிந்ததன் அடையாளம் அது. பூனையின் பருவமோ அதற்கு எதிர்முனையில் இருக்கிறது. சினைப்பையில் கருமுட்டைகள் அப்போதுதான் முதிர்ந்து நிற்கின்றன. அவற்றைச் சூழ்ந்த திசுக்கள் ஈஸ்ட்ரோஜன் என்ற ஹார்மோனைச் சுரக்கின்றன. அந்த ஹார்மோன் மூளையை எட்டி, கடுவனைக் கூப்பிடச் சொல்கிறது. கத்தலும் புரளலும் தேய்த்தலும் அந்தக் கூப்பாட்டின் பகுதிகள். கழிந்து போக இங்கே எதுவும் இல்லாததால் இரத்தமும் வராது. பெட்டை நாய்க்குப் பருவத்தின்போது இரத்தம் வருவதைப் பார்த்தவர்கள் பூனையிடமும் அதைத் தேடுவார்கள். பூனைக்கு அப்படி இரத்தமோ சீழோ வந்தால், அது பருவத்தின் அறிகுறி இல்லை, கருப்பையில் கோளாறு இருக்கலாம் என்பதன் அறிகுறி.

இன்னொரு வேறுபாடு இதைவிடப் பெரியது. பூனையின் கருமுட்டை தேதி பார்த்து வெளிவருவதில்லை. கடுவனோடு சேர்ந்த பிறகுதான் வெளிவரும். நம் அடுப்படியில் இட்லியும் தோசையும் எப்படியோ அப்படி வைத்துக்கொள்ளலாம். இட்லி காலை ஏழு மணிக்கு வெந்து இறங்கிவிடும், சாப்பிட ஆள் வந்தாலும் வராவிட்டாலும். தோசை அப்படி இல்லை. கல் காய்ந்துகொண்டிருக்கும், மாவு பக்கத்தில் இருக்கும், ஆள் வந்து தட்டின்முன் உட்கார்ந்த பிறகுதான் கல்லில் மாவு விழும். பெண்ணின் உடல் இட்லிக் கணக்கு, பூனையின் உடல் தோசைக் கணக்கு. கடுவன் சேரும்போது உண்டாகும் தூண்டல் நரம்பு வழியாக மூளைக்குப் போகிறது. மூளையின் அடியில் இருக்கும் பிட்யூட்டரி என்ற சிறு சுரப்பி உடனே ஒரு ஹார்மோனை இரத்தத்தில் கலக்கிறது. அடுத்த ஒன்றிரண்டு நாளில் முட்டைகள் வெளிவருகின்றன. முயலுக்கும் இதே ஏற்பாடுதான். கடுவன் இல்லாமலே முட்டை வெளிப்படும் பூனைகளும் சில உண்டு என்றாலும், பொது விதி இதுதான்.

ஆள் வராவிட்டால் என்ன ஆகும்? ஏறக்குறைய ஒரு வாரம் காத்திருந்துவிட்டு, முதிர்ந்த முட்டைகள் உள்ளேயே சுருங்கி மறைந்துவிடும். ஈஸ்ட்ரோஜன் குறையும், பூனை அடங்கும், ‘சரியாகிவிட்டது’ என்று நாம் பெருமூச்சு விடுவோம். ஆனால் உடலின் கணக்கில் வந்த வேலை முடியவில்லை. வேறு முட்டைகள் முதிரத் தொடங்கி, இரண்டு மூன்று வாரத்தில் மறுபடி அதே கத்தல். ஒரு முறை 3 நாளில் முடியலாம், இன்னொரு முறை 14 நாள்கூட இழுக்கலாம். சில பூனைகளுக்கு இடைவெளியே இல்லாதது போலத் தோன்றும்.

வெளிநாட்டுப் புத்தகங்களைப் படித்தவர்கள், பனிக்காலத்தில் பூனை பருவத்துக்கு வராதே என்று கேட்பார்கள். அங்கே அது உண்மை. பூனையின் மூளை பகலின் நீளத்தை அளந்துகொண்டே இருக்கிறது. பகல் சுருங்கினால் பருவம் நின்றுவிடும், நீண்டால் தொடங்கும். லண்டனில் டிசம்பர் மாதப் பகல் 8 மணி நேரம்கூட இருக்காது. சென்னையில் ஆண்டின் மிகக் குறுகிய பகலே 11 மணி நேரத்துக்கு மேல். அதோடு இரவு பதினொரு மணி வரை ட்யூப் லைட்டும் டிவி வெளிச்சமும். நம் ஊர்ப் பூனைக்கு ஆண்டு முழுவதும் பருவம்தான். முதல் பருவம் பொதுவாக 5 முதல் 9 மாத வயதில் வரும், 4 மாதத்திலேயே வருவதும் உண்டு. இதையெல்லாம் சேர்த்துப் பார்த்தால், வீடு மாற எந்தத் தேதியைக் குறித்தாலும் அது பூனையின் பருவத்தில் போய் விழ நல்ல வாய்ப்பு இருப்பது தெரியும். ‘முடியட்டும், அப்புறம் போகலாம்’ என்று ஒரு வாரம் தள்ளிப்போட்டால் அந்த வாரம் தப்பிக்கலாம். இன்னும் கொஞ்சம் தாமதித்தால் அடுத்த சுற்றில் போய் நிற்போம்.

வலி என்ற எண்ணத்தால் வரும் ஆபத்தையும் சொல்லியாக வேண்டும். வலிக்கிறது என்று நம்பிவிட்டால் கை தானாக மருந்துப் பெட்டிக்குப் போகும். பாராசிட்டமால் பூனைக்கு விஷம். சில மருந்துகளை உடைத்து வெளியேற்ற மனித ஈரலில் இருக்கும் ஒரு நொதி பூனையின் ஈரலில் மிகக் குறைவு. நாம் காய்ச்சலுக்குப் போடும் ஒரே ஒரு 500 மில்லிகிராம் மாத்திரை ஒரு பூனையைக் கொன்றுவிடக்கூடும். தெரியாமல் கொடுத்துவிட்டிருந்தால், ஈறு நீலமாகவோ பழுப்பாகவோ மாறும்வரை காத்திருக்கக் கூடாது. உடனே மருத்துவரிடம் ஓட வேண்டும். பருவத்தில் இருக்கும் பூனைக்குத் தவிப்பு உண்டு, அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் அது மாத்திரையால் தீரும் வலி இல்லை.

‘ஒரு தடவை குட்டி போட்டுவிட்டால் அடங்கிவிடும்’ என்பதும் இதே குடும்பத்து நம்பிக்கைதான். அடங்காது. குட்டிகள் பால் குடித்துக்கொண்டிருக்கும்போதே மறுபடி பருவத்துக்கு வரும் தாய்ப்பூனைகள் உண்டு. முதல் ஈற்று உடலுக்கு நல்லது என்பதற்கும் மருத்துவ ஆதாரம் இல்லை. மருந்துக் கடையில் பெண்களுக்கான கருத்தடை மாத்திரையையோ ஊசியையோ வாங்கிக் கொடுப்பவர்களும் இருக்கிறார்கள். கத்தல் நிற்கலாம்தான், ஆனால் கருப்பையில் சீழ் கட்டுவது, முலைகள் வீங்குவது, சர்க்கரை நோய் என்று பின்னால் வருபவை மோசமானவை. வீடு மாறும் ஒரு வார நிம்மதிக்கு அந்த விலை கொடுக்கத் தேவையில்லை.

சரி, தேதி மாறாது, பூனையும் கத்துகிறது. என்ன செய்யலாம்? வீடு மாற இன்னும் ஒரு மாதம் இருக்கிறது என்றால் வழி எளிது. இந்தச் சுற்று அடங்கியதும் கருத்தடை ஆபரேஷன் செய்துவிட்டு, தையல் ஆற 10 முதல் 14 நாள் விட்டு, பிறகு கிளம்பலாம். பருவத்தின்போதே ஆபரேஷன் செய்ய முடியாது என்றில்லை. அப்போது கருப்பைக்கு இரத்த ஓட்டம் கூடியிருப்பதால் பல மருத்துவர்கள் ஒரு வாரம் பொறுக்கச் சொல்வார்கள். ஒரு வாரம்தான் இருக்கிறது என்றால் ஆபரேஷனை இங்கே அவசரமாகச் செய்துகொண்டு, பச்சைத் தையலோடு பூனையை வண்டியில் ஏற்றுவது சரியில்லை. அப்படியே கூட்டிப் போய், புது இடத்தில் சாப்பாடும் தூக்கமும் சீரான பிறகு அங்கேயே செய்துகொள்ளலாம்.

பூனை வீட்டைத்தான் நம்பும், ஆளை நம்பாது என்று சொல்லி, பழைய வீட்டிலேயே விட்டுவிட்டுப் போவோர் இன்றும் இருக்கிறார்கள். பூனைக்குப் பழகிய இடத்தின்மேல் பிடிப்பு அதிகம் என்பது உண்மை. ஆனால் அந்த வீட்டில் அதற்குச் சோறு வைத்தவர்கள் நாம். பருவத்தில் இருக்கும் பூனையை விட்டுவிட்டுப் போனால், சுமார் 65 நாளில் அது யாரும் இல்லாத ஒரு மாடிப்படியின் கீழ் மூன்று நான்கு குட்டிகளோடு கிடக்கும். அதை மட்டும் செய்யாதீர்கள்.

வீடு மாறும் நாளில் நாம் பயப்பட வேண்டியது சத்தத்துக்கு இல்லை, கதவுக்கு. மற்ற நாளில் வாசல் பக்கம் எட்டிப் பார்க்காத பூனைகூட, பருவத்தில் இருக்கும்போது வெளியே போவதையே குறியாக வைத்திருக்கும். அதுவும் எந்த நாளில்? பீரோ வெளியே போவதற்காகக் கதவுக்குக் கல்லை முட்டுக்கொடுத்துக் காலையிலிருந்து மாலைவரை திறந்தே வைத்திருக்கும் நாளில். பத்து நிமிடம் வெளியே போனால் போதும், கருத்தரிக்க அவ்வளவு நேரமே அதிகம். பழைய தெருவிலிருந்து நாம் கிளம்பிய பிறகு அது திரும்பி வந்தால், அங்கே நாம் இருக்க மாட்டோம்.

ஆகவே முந்தின நாளே ஓர் அறையை முழுவதும் காலி செய்து, அதைப் பூனைக்கென்று ஒதுக்கிவிடுவோம். மணல் தட்டு, தண்ணீர், அது படுத்துப் பழகிய துணி, திறந்தபடி கேரியர். குளியலறையைத் தேர்ந்தெடுத்தால் மேலே பார்க்க மறக்கக் கூடாது. நம் ஊர்க் குளியலறை வென்டிலேட்டரில் கண்ணாடிப் பட்டைகளைச் சாய்வாகச் செருகி வைத்திருப்பார்கள். ஒரு பட்டை உடைந்தோ உருவப்பட்டோ இருக்கும், யாரும் கவனித்திருக்க மாட்டோம். பூனையின் காறை எலும்பு நமக்கு இருப்பதுபோல மற்ற எலும்போடு பிணைந்தில்லை, தசைக்குள் தனியாகக் கிடக்கிறது. அதனால் தலை நுழைந்த சந்தில் தோளும் நுழைந்துவிடும். ஹீட்டர் மேல் ஏறி, அந்த ஒரு பட்டை இடைவெளியில் தலையை விட்டு, சன்ஷேடில் இறங்கிப் போய்விடும். அட்டையை வைத்து அழுத்தமாக டேப் ஒட்டி அடைத்துவிடுங்கள். கதவில் ‘உள்ளே பூனை’ என்று எழுதி ஒட்டுவதை நம்ப வேண்டாம். சாமான் ஏற்ற வரும் பிள்ளைகளில் பலருக்குத் தமிழ் படிக்க வராது. பூட்டிவிட்டுச் சாவியை நம்மிடமே வைத்துக்கொள்வதுதான் உறுதி. சாமான் எல்லாம் ஏறி, ஆட்கள் எல்லாரும் இறங்கிப் போன பிறகு, வாசல் கதவைச் சாத்திவிட்டு, கடைசியாகப் பூனையைக் கேரியரில் ஏற்றுவோம்.

அந்தக் கேரியர் ஒரு வாரம் முன்பாகவே கூடத்தில் திறந்து கிடக்கட்டும். பூனை கன்னத்தைத் தேய்த்த இடங்களில் அதன் மணம் படிந்திருக்கும், அதுதான் அதற்கு ஆறுதல். பயணத்துக்கு முன் கழுவி வெயிலில் காயவைத்தால் அந்த ஆறுதல் போய்விடும். துணிப்பையைவிட, தாழ்ப்பாள் போட்டு மூடும் கெட்டிப் பிளாஸ்டிக் கேரியர் நல்லது. பருவத்தில் இருக்கும் பூனை ஜிப்பைப் பிறாண்டித் திறப்பதைப் பார்த்திருக்கிறேன். வீட்டில் இதே ஈற்றில் பிறந்த ஆண் பூனையும் இருந்தால் இரண்டையும் ஒரே கேரியரில் போட்டுவிடாதீர்கள். அண்ணன் தங்கை என்ற கணக்கெல்லாம் பூனைகளிடம் கிடையாது. ஆணுக்கு ஆபரேஷன் ஆகியிருந்தாலும், முதல் சில வாரம் அதனால் கருவுறச் செய்ய முடியும்.

சென்னையிலிருந்து மதுரைக்கு என்று வைத்துக்கொள்வோம். 450 கிலோமீட்டருக்கு மேல், காரில் எட்டு மணி நேரம். கிளம்புவதற்கு நான்கைந்து மணி நேரம் முன்பே கொஞ்சமாகச் சாப்பாடு கொடுத்துவிட்டால் வழியில் வாந்தி வராது. கேரியரின் அடியில் சிறுநீர் உறிஞ்சும் விரிப்போ, நாலைந்து மடிப்புச் செய்தித்தாளோ போட்டு, மாற்றுவதற்கும் எடுத்துக்கொள்ள வேண்டும், தெளிக்கும் பழக்கம் உள்ள பூனை வண்டியிலும் தெளிக்கும். காற்று போகும் பருத்தித் துணியால் மேலே போர்த்திவிட்டு, முன் இருக்கைக்குப் பின்னால் கீழே வைத்தால் ஆடாது. கத்தும். செங்கல்பட்டு வரையிலும் கத்தலாம், திண்டிவனம் தாண்டியும் கத்தலாம். மடியில் வைத்தால் அடங்கும் என்று எடுக்கத் தோன்றும். எடுக்க வேண்டாம். டோல்கேட்டில் கண்ணாடியை இறக்கும் அரை நிமிடத்திலும், டீக்கடையில் நிறுத்திக் கதவைத் திறக்கும்போதும் நெடுஞ்சாலையில் இறங்கி ஓடிய பூனையைத் தேடிக் கண்டுபிடிப்பது மிக அரிது. நிறுத்தினாலும் யாராவது ஒருவர் ஏசியோடு வண்டியிலேயே இருக்கட்டும். வாயைத் திறந்து மூச்சு வாங்கினால் அது சூடோ, கடும் பயமோ என்று எடுத்துக்கொண்டு உடனே குளிர்விக்க வேண்டும்.

இரயிலில் போவதானால் பூனையை நம்மோடு வைத்துக்கொள்ள முதல் வகுப்பில் இருவர் அறையையோ நால்வர் அறையையோ முழுவதுமாக நாமே எடுக்க வேண்டியிருக்கும், பார்சல் அலுவலகத்தில் தனிச் சீட்டும் வாங்க வேண்டும். இல்லாவிட்டால் கார்டு வேனில் இருக்கும் நாய்ப் பெட்டிதான், பூனைக்கு அதை நான் சொல்ல மாட்டேன். மிகவும் பதறும் பூனை என்றால் முன்கூட்டியே மருத்துவரைப் பாருங்கள். கபாபென்டின் போன்ற, பதற்றம் தணிக்கும் மருந்தைப் பூனையின் எடைக்கேற்ப எழுதித் தருவார்கள். நம் வீட்டுத் தூக்க மாத்திரையில் கால் பங்கு என்று கை வைத்தியம் வேண்டாம்.

புது வீட்டில் பால் காய்ச்சும் நாளில் பூனை அங்கே இருக்கக் கூடாது. உறவுக்காரர்கள் வருவார்கள், வாசல் திறந்தே இருக்கும், முந்தின நாள்தான் வீடு முழுவதும் பினாயில் போட்டுக் கழுவியிருப்பார்கள். பாராசிட்டமாலை உடைக்க முடியாத அதே ஈரல்தான் பினாயிலில் இருக்கும் பீனால் வகைப் பொருள்களையும் உடைக்கத் திணறுகிறது. ஈரத் தரையில் நடந்துவிட்டுப் பூனை பாதத்தை நக்கினால் போதும், உள்ளே போய்விடும். வெறும் தண்ணீரால் இன்னொரு முறை துடைத்து, நன்றாகக் காய்ந்த பிறகு கூட்டி வரலாம். பீரோவை நகர்த்தும்போது உருண்டு விழும் பாச்சை உருண்டைகளையும் பொறுக்கிவிடுங்கள், அவையும் விஷம்.

வந்ததும் வீடு முழுவதும் சுற்றிப் பார்க்கட்டும் என்று விடாமல், ஓர் அறையில் சில நாள் வைத்திருப்போம். பழைய வீட்டு மணல் தட்டிலிருந்து கொஞ்சம் பழைய மணலைப் புதுத் தட்டில் கலந்தால் இடம் தெரிந்துகொள்ளும். மெல்லிய பருத்தித் துணியால் அதன் கன்னத்தைத் துடைத்து, அந்தத் துணியைப் புது அறையின் நிலையிலும் கட்டில் காலிலும், பூனையின் முக உயரத்தில், தேய்த்துவிடுங்கள். அதன் மணம் ஏற்கெனவே அங்கே இருப்பதுபோல ஆகிவிடும். புது இடத்துப் பயத்தில் கத்தல் ஒரு நாள் நின்றுபோகலாம். பருவம் முடிந்துவிட்டது என்று நினைத்து ஜன்னலைத் திறந்துவிட வேண்டாம்.

ஜன்னல் கொசுவலையைப் பற்றியும் ஒரு வார்த்தை. வெல்க்ரோவில் ஒட்டும் நைலான் வலை கொசுவைத் தடுக்கும், பூனையைத் தடுக்காது. ஓரத்தில் ஒரு நகம் மாட்டினால் கிழியும், மூன்றாம் மாடியிலிருந்து விழுவதும் அப்படித்தான். கம்பி வலை போடும்வரை அந்த ஜன்னல் சாத்தியிருக்கட்டும். மணல் தட்டைப் பால்கனியில் வைத்தால் அதன் சிறுநீர் மணமே புதுத் தெருவின் கடுவன்களுக்கு அழைப்பாகிவிடும். வாசலில் அவை வந்து தெளித்துவிட்டுப் போனால் நன்றாகக் கழுவுங்கள். அம்மோனியா கலந்த திரவம் வேண்டாம், அந்த வாடை பூனைக்குச் சிறுநீர் வாடையாகவே படும். கம்பிக்கு இரு பக்கமும் நின்று மூக்கோடு மூக்கு வைக்கவும் விடக் கூடாது. கடுவன்களின் கடியால் பரவும், எதிர்ப்புச் சக்தியைக் குலைக்கும் வைரஸ் நோய்க்கு மருந்தில்லை.

இவ்வளவுக்கும் பிறகு வெளியே போய்விட்டால், முதலில் பக்கத்திலேயே தேடுங்கள். மாடிப்படியின் கீழ், கார்களுக்கு அடியில், ஜெனரேட்டர் அறை, சன்ஷேட். தெரு அடங்கிய பிறகு, பழகிய சாப்பாட்டு டப்பாவை ஆட்டிக்கொண்டு, பழகிய குரலில் கூப்பிடுங்கள். உள்ளூரிலேயே வீடு மாறியிருந்தால் பழைய தெருவிலும் சொல்லி வையுங்கள். திரும்பி வந்ததும் கடி, கீறல் இருக்கிறதா என்று ரோமத்தை விலக்கிப் பார்த்து, இருந்தால் மருத்துவரிடம் காட்ட வேண்டும், வெறிநாய்க்கடித் தடுப்பூசி எப்போது போட்டது என்பதையும் சொல்ல வேண்டும். கருத்தரித்திருக்கிறதா என்பது மூன்று நான்கு வாரத்தில் ஸ்கேனிலும், வயிற்றைத் தொட்டுப் பார்த்தும் தெரியும். ஒரே ஈற்றில் வெவ்வேறு கடுவன்களின் குட்டிகள் பிறக்கலாம் என்பதால், முதல் கடுவனோடு விஷயம் முடிந்தது என்று மறுபடி வெளியே விட வேண்டாம். கரு வளராத தொடக்க நாட்களிலேயே ஆபரேஷன் செய்ய முடியும், முடிவு நம்முடையது. ஆகவே தாமதிக்காமல் போய்ப் பேசுங்கள்.

புது ஊரில் யாரைப் பார்ப்பது என்று தெரியாவிட்டால், கால்நடை மருத்துவக் கல்லூரிகளை விசாரிக்கலாம். சென்னை வேப்பேரியிலும் நாமக்கல், திருநெல்வேலி, ஒரத்தநாட்டிலும் அவை இருக்கின்றன. போகும்போது, கடைசியாகக் கத்தத் தொடங்கிய தேதியையும் அடங்கிய தேதியையும் எழுதி எடுத்துப் போனால் ஆபரேஷனுக்கு நாள் குறிப்பது அவர்களுக்குச் சுலபம். ஆறு மாதத்துக்குள் கருத்தடை செய்த பூனைகளுக்கு முலைப் புற்று வரும் அபாயம் 90 சதவீதம் போலக் குறைகிறது, ஒரு வயதுக்குள் செய்தால் 86 சதவீதம். பூனைக்கு வரும் முலைக் கட்டிகளில் பெரும்பாலானவை புற்று என்பதால் இந்தக் கணக்கு சிறியதில்லை.

ஆபரேஷன் ஆன பிறகு ஹார்மோன் வடிய ஒரு வாரம் போல ஆகலாம், அதுவரை மெல்லக் கத்தினால் கவலைப்பட வேண்டாம். தையலை நக்காமல் கழுத்தில் கூம்பு மாட்டி, 10 முதல் 14 நாள் அலமாரி மேல் குதிக்காமல் பார்த்துக்கொண்டால் போதும். பல மாதம் கழித்து மறுபடி அதே புரளலும் அதே தோரணையும் வந்தால் மட்டும் மருத்துவரிடம் திரும்பப் போங்கள். சினைப்பையின் சிறு துணுக்கு உள்ளே தங்கிவிட்டால் அப்படி நடக்கும். ஒரு இரத்தப் பரிசோதனையில் அதைக் கண்டுபிடித்து, துணுக்கை எடுத்துவிட முடியும்.